இசாவோ தகாஹாத்தா: பாதியில் நின்ற கோடுகள்

1968 ஜூலையில் ஜப்பானில் வெளியான ஓர் அனிமேஷன் படத்தில், ஓநாய்க் கூட்டம் ஒன்று கிராமத்துக்குள் பாயும் காட்சி உண்டு. அதுவரை துள்ளி ஓடிக்கொண்டிருந்த படம் அங்கே சட்டென்று உறைந்துவிடும். பாயும் ஓநாய், அலறும் முகம், சிதறி ஓடும் கால்கள், எல்லாமே அசையாத ஓவியங்களாக வரும். காமிரா மட்டும் அவற்றின்மேல் ஊர்ந்துபோகும். பிற்பாடு எலிகள் படையெடுத்து வரும் இடத்திலும் இதே கதைதான். பெரிய கலைத்தத்துவம் எதுவும் இதற்குப் பின்னால் இல்லை. காசும் நாளும் தீர்ந்துபோயிருந்தன, அவ்வளவுதான்.

படத்தைச் சுருக்கமாக 'ஹோருஸ்' என்பார்கள். இயக்கியவர் இசாவோ தகாஹாத்தா. அப்போது அவருக்கு வயது 32, முதல் முழுநீளப் படம். தோயே நிறுவனத்தின் அனிமேஷன் பிரிவு வருடத்துக்கு இத்தனை படம் என்று கணக்குப் பார்த்து வேலை வாங்கிய இடம். அங்கே இந்த ஒரு படம் மட்டும் மூன்று வருடம் இழுத்தது. நடுவில் நிர்வாகமே பொறுமையிழந்து வேலையை நிறுத்திவைத்து, பிறகு மறுபடி தொடங்கச் சொன்னது. படம் ஓடவில்லை. தோயேயில் அவருக்கு இன்னொரு முழுநீளப் படம் கொடுக்கப்படவே இல்லை.

அவருடைய சகாவான அனிமேஷன் இயக்குநர் மியாசாகியைத் தெரிந்த அளவுக்குத் தகாஹாத்தாவை நம்மவர்களுக்குத் தெரியாது. தெரிந்தவர்களும் 'மின்மினிகளின் கல்லறை' எடுத்தவர் என்பதோடு நிறுத்திக்கொள்வார்கள். கல்லூரி விடுதியில் ஹார்ட் டிஸ்க் கைமாறிய காலத்தில் எனக்கும் அந்த ஒரு படம்தான் வந்து சேர்ந்தது. மற்றவற்றை ஒவ்வொன்றாகத் தேடிப் பார்க்க வருடங்கள் ஆயின. வரிசையாகப் பார்த்து முடித்தபோது, இந்த மனிதரின் தொழில் வாழ்க்கை முழுவதையும் ஒரே விஷயம் துரத்தியிருக்கிறது என்று தோன்றியது. சொன்ன தேதிக்குள் ஒரு படத்தை முடிப்பது அவரால் ஆகாத காரியம். கடைசியில் அந்த முடியாமையையே அவர் ஒரு அழகாக ஆக்கிக்கொண்டார். அதற்கு விலை கொடுத்தவர்கள் பெரும்பாலும் மற்றவர்கள்.

முதலில் ஒரு விசித்திரத்தைச் சொல்லிவிட வேண்டும். அவர் ஓவியர் அல்ல. அனிமேஷன் இயக்குநர்களில் அநேகம் பேர் வரைபவர்களாக இருந்து மேலே வந்தவர்கள். தகாஹாத்தா டோக்கியோ பல்கலைக்கழகத்தில் பிரெஞ்சு இலக்கியம் படித்துவிட்டு 1959இல் தோயேயில் சேர்ந்தவர். பால் கிரிமோ என்ற பிரெஞ்சுக்காரர் எடுத்த ஓர் அனிமேஷன் படம்தான் அவரை இந்தப் பக்கம் இழுத்தது. அதற்குத் திரைக்கதை எழுதியவர் கவிஞர் ஜாக் பிரெவேர். (பிரெவேரை விடவேயில்லை. பிற்காலத்தில் அவருடைய கவிதைகளைத் தானே ஜப்பானியத்துக்குக் கொண்டுவந்தார்.) வரையாத ஆள் அனிமேஷனில் இயக்குநராக வேண்டுமென்றால் என்ன செய்வது? பக்கத்தில் இருப்பவரிடம் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். இந்தப் பெண் ஏன் இந்தப் பக்கம் திரும்புகிறாள், இந்த ஊரில் வெயில் எத்தனை மணிக்கு இறங்கும், இந்த ரொட்டியைக் கடித்தால் எப்படிப் பிய்யும் என்று. பதில் திருப்தியாக இல்லையென்றால் மறுபடி வரைய வேண்டும். அவர் தாமதித்ததற்கு சோம்பல் மட்டும் காரணமல்ல என்று நினைக்கிறேன். மியாசாகியோ, இவர் ராட்சத ஸ்லாத்தின் (அசையவே சோம்பல்படும் விலங்கு அது) வம்சம் என்று கேலி செய்து எழுதியிருக்கிறார்.

மியாசாகி அவரைவிட ஐந்து வயது சின்னவர். 1963இல் தோயேயில் சேர்ந்தார். இருவரும் நெருங்கியது தொழிற்சங்கத்தில். மியாசாகி செயலாளர், தகாஹாத்தா துணைத் தலைவர். 'ஹோருஸ்' படத்தையும் அவர்கள் சங்கக் கூட்டம் மாதிரியே நடத்தினார்கள். கடைநிலையில் வேலை பார்ப்பவர்கூட யோசனை சொல்லலாம், படம் வரைந்து ஒட்டலாம். ஊர் ஒன்றுசேர்ந்து பனி அரக்கனை எதிர்க்கும் அந்தக் கதையில் சங்கத்தின் வாடை வீசுவது தற்செயலல்ல. என்னை இன்றும் கட்டிப்போடுவது அதில் வரும் ஹில்டா என்ற பெண்தான். பாதி மனசு அரக்கன் பக்கமும் பாதி மனசு ஊர் பக்கமும் கிடந்து தவிக்கும் பாத்திரம். சிறுவர்களுக்கான கோடை விடுமுறைப் படம் என்று வந்த ஒன்றில் இப்படி இரண்டாகப் பிளந்த ஒரு பெண்ணை வைத்ததற்கே அவருக்கு இன்னொரு படம் கொடுத்திருக்கலாம்.

1971இல் தகாஹாத்தா, மியாசாகி, ஓவியர் யோய்ச்சி கொத்தாபே மூவரும் தோயேயை விட்டு வெளியேறினார்கள். நோக்கம், சுவீடன் எழுத்தாளர் அஸ்ட்ரிட் லிண்ட்கிரேனின் பிப்பி கதையை எடுப்பது. மியாசாகி சுவீடனுக்கே போய் வந்தார், அனுமதி கிடைக்கவில்லை. வரைந்து குவித்ததெல்லாம் வீணாகவில்லை. அடுத்த வருடமே அதிலிருந்து 'பாண்டா கோபாண்டா' என்ற குறும்படம் பிறந்தது. நடுவில் 'லூப்பன்' தொலைக்காட்சித் தொடரை இருவரும் பாதியில் ஏற்று நடத்தினார்கள். இதெல்லாம் முன்கதை.

அவருடைய உண்மையான முதல் வெற்றி 1974 ஜனவரியில் தொடங்கிய 'ஹைடி'. ஆல்ப்ஸ் மலையில் தாத்தாவோடு வளரும் சிறுமியின் கதை. வாரம் ஒன்று, மொத்தம் 52 அத்தியாயங்கள். படப்பிடிப்பே இல்லாத கலைக்கு இடம் பார்க்கப் போவதா என்று கேட்கக்கூடிய காலத்தில், முந்தைய வருடமே மூவரும் சுவிட்சர்லாந்து போய் மலையையும் குடிசையையும் பார்த்து வந்தார்கள். ஒரு ஷாட்டில் ஆள் எங்கே நிற்கிறார், பின்னணி எவ்வளவு தெரியும், பார்வை எந்த உயரத்தில் இருந்து என்றெல்லாம் முன்கூட்டியே தீர்மானிக்கும் தாளுக்கு லேஅவுட் என்று பெயர். அதை 52 அத்தியாயங்களுக்கும் மியாசாகி ஒருவரே வரைந்தார். தொடரின் ஸ்டோரிபோர்டு வரைந்தவர்களில் ஒருவர் யொஷியுக்கி தொமினோ. ஆமாம், பிற்பாடு 'கண்டம்' (Gundam) என்ற ரோபோத் தொடரை எடுத்த அதே தொமினோ. ராட்சத ரோபோக்களின் ஆள், ஆட்டுக்குட்டிகளுக்குக் காட்சி பிரித்துக்கொண்டிருந்திருக்கிறார்.

முதல் அத்தியாயத்தை மட்டுமாவது பாருங்கள். சித்தி ஹைடியை மலைமேல் கூட்டிப்போகிறாள். மூட்டை தூக்குவதற்குச் சோம்பல்பட்டு, இருக்கிற உடுப்பையெல்லாம் குழந்தைக்கே அடுக்கடுக்காக மாட்டிவிட்டிருக்கிறாள். ஏற ஏற வியர்க்கிறது. பக்கத்தில் ஆடு மேய்க்கும் பீட்டர் லேசாகத் தாவிப் போகிறான். ஹைடி ஒவ்வொரு உடுப்பாகக் கழற்றிப் போட்டுவிட்டு, உள்ளாடையோடு ஆடுகளுக்கு நடுவே ஓடுகிறாள். கதையில் இது சில வரிகளில் கடந்துவிடக்கூடிய சம்பவம். தகாஹாத்தா அதற்கு நேரம் கொடுத்தார். முதலில் அந்தத் துணியின் கனம் நமக்கு ஏறுகிறது, பிறகுதான் இறங்குகிறது. வில்லன் இல்லை, சண்டை இல்லை, மந்திரம் இல்லை. உருகிய பாலாடைக்கட்டியை ரொட்டியில் போட்டுத் தின்பது ஒரு சம்பவம். அனிமேஷனில் அன்றாட வாழ்க்கையை இவ்வளவு பொறுமையாகப் பார்க்கலாம் என்று காட்டியது இந்தத் தொடர்தான். ஸ்பெயினிலும் இத்தாலியிலும் ஜெர்மனியிலும் ஒரு தலைமுறையே இதைப் பார்த்து வளர்ந்தது.

பிறகு 1976இல், அம்மாவைத் தேடி ஜெனோவாவிலிருந்து அர்ஜென்டினா போகும் மார்க்கோவின் கதை. 1979இல் 'ஆன்'. இந்தத் தொடரின் நடுவிலேயே மியாசாகி தன் முதல் திரைப்படத்தை இயக்கக் கிளம்பிவிட்டார். பிரிவு என்று சொல்ல முடியாது. ஆனால் அதற்குப் பிறகு தகாஹாத்தாவுக்காக மியாசாகி லேஅவுட் வரைந்துகொண்டிருக்கும் ஏற்பாடு திரும்பவில்லை.

மியாசாகியின் 'நவுசிக்கா' எடுக்க ஏற்பாடு நடந்தபோது, தயாரிப்பாளராகத் தகாஹாத்தாதான் வேண்டும் என்று மியாசாகி பிடிவாதம் பிடித்தார். தகாஹாத்தா மறுத்தார். தான் ஏன் தயாரிப்பாளராகத் தகுதியற்றவன் என்று ஒரு நோட்டுப் புத்தகம் நிறைய எழுதி வைத்துக்கொண்டு மறுத்தார் என்பது, பிற்பாடு இவர்களின் படங்களுக்குத் தயாரிப்பாளரான தொஷியோ சுசுகி சொல்லும் கதை. அதைக் கேட்ட மியாசாகி குடித்துவிட்டு, என் இளமையை முழுக்க இந்த மனிதருக்குக் கொடுத்தேன், எனக்கு எதுவும் திரும்பி வரவில்லை என்று அழுதாராம். சுசுகி கதை சொல்வதில் கெட்டிக்காரர். கொஞ்சம் உப்பு தூவியிருக்கலாம். எப்படியோ தகாஹாத்தா ஒப்புக்கொண்டார். படம் 1984இல் வந்தது. அதிகம் அறியப்படாதிருந்த ஜோ ஹிசாய்ஷியை இசைக்கு முன்னிறுத்தியது தயாரிப்பாளர் தகாஹாத்தாதான். மியாசாகியின் பெயரோடு பிரிக்க முடியாமல் ஒட்டிக்கொண்ட அந்த இசைக்கு வழி திறந்துவிட்டவர், தன் சொந்தப் படத்துக்கு ஹிசாய்ஷியை அழைத்தது 2013இல்தான்.

'நவுசிக்கா' ஈட்டித்தந்த பணத்தில் ஒரு பங்கை மியாசாகி தகாஹாத்தாவிடம் கொடுத்தார். யனகாவா என்ற கால்வாய் ஊரைப் பின்னணியாக வைத்து ஓர் அனிமேஷன் படம் எடுப்பது எண்ணம். தகாஹாத்தா ஊரைப் பார்க்கப் போனார். போனவருக்கு அந்தக் கால்வாய்களின் கதைதான் பிடித்துப்போயிற்று. சாக்கடையாகிக் கிடந்தவற்றை மூடிவிட நகராட்சி திட்டமிட்டதையும், அங்கே வேலை பார்த்த ஓர் அதிகாரி அதை எதிர்த்து ஊர்மக்களைக் கூட்டித் தூர்வாரியதையும் கேட்டு, அனிமேஷனை மறந்துவிட்டு ஆவணப்படம் எடுக்க உட்கார்ந்துவிட்டார். 1987இல் வந்த அந்தப் படம் இரண்டே முக்கால் மணி நேரம் ஓடும். கொடுத்த பணம் போதவில்லை. பணத்தை ஈடுகட்ட இன்னொரு படம் எடுத்தால்தான் உண்டு என்று வந்த நெருக்கடிதான் மியாசாகியின் 'லப்யூட்டா'வுக்கும், அதையொட்டி 1985இல் ஜிப்ளி ஸ்டூடியோ பிறந்ததற்கும் ஒரு காரணம். ஏரி குளம் கண்மாய் என்று பேசுகிற நம்மூர்க்காரர்கள் யாராவது அந்த ஆவணப்படத்தைத் தேடிப் பிடித்துப் பார்க்க வேண்டும். நீர்மேலாண்மையைப் பற்றி இவ்வளவு சுவாரசியமாக யாரும் என்னிடம் பேசியதில்லை.

1988 ஏப்ரல் 16. ஒரே டிக்கெட்டில் இரண்டு படம்: மியாசாகியின் 'தொத்தோரோ', தகாஹாத்தாவின் 'மின்மினிகளின் கல்லறை'. இதை யார் எந்த மனநிலையில் திட்டமிட்டார்கள் என்று நான் அடிக்கடி யோசிப்பேன்.

அகியுக்கி நொசாக்கா 1967இல் எழுதிய கதை அது. 1945 ஜூனில் கோபே நகரத்தின்மீது அமெரிக்க விமானங்கள் தீக்குண்டு போட்டபோது தாயை இழந்த அண்ணன் செய்த்தாவும் தங்கை செத்ஸுக்கோவும். தகாஹாத்தாவுக்கு இது ஏட்டில் படித்த விஷயமில்லை. அதே மாதம் 29ஆம் தேதி அதிகாலையில் ஒக்காயாமா நகரம் எரிந்தபோது, ஒன்பது வயதுப் பையனாக அவர் தன் அக்காவோடு வெறுங்காலில் தெருத்தெருவாக ஓடியவர். குடும்பத்தைத் தவறவிட்டு, பிணங்களைக் கடந்து வந்தவர். ஆனாலும் படத்தில் அந்த நினைவை உருக்கிக் கொட்டவில்லை. முதல் நிமிடத்திலேயே செய்த்தா தான் இறந்த தேதியைச் சொல்லிவிடுகிறான். பிறகு செந்நிற வெளிச்சத்தில் இரண்டு ஆவிகள் தங்கள் கதையைத் தாங்களே ஓரமாக நின்று பார்க்கின்றன. முடிவு தெரிந்துவிட்டது; இனி என்ன நடக்கும் என்ற பதற்றத்துக்கு வேலையில்லை, எப்படி இப்படி ஆயிற்று என்று மட்டுமே பார்க்க வேண்டும். பாத்திரங்களின் விளிம்புக் கோட்டைக்கூட வழக்கமான கறுப்பில் போடாமல் பழுப்பில் போட்டார். செத்ஸுக்கோவுக்குக் குரல் கொடுத்தது நிஜமாகவே ஒரு சின்னக் குழந்தை. அது பேசியதை முதலில் பதிந்துவிட்டு, அதற்கேற்ப வரைந்தார்கள்.

இதை வெறும் போர் எதிர்ப்புப் படம் என்று சொல்வதை அவர் ஏற்றுக்கொண்டதில்லை. அத்தையின் வசவைப் பொறுக்காமல் தங்கையைக் கூட்டிக்கொண்டு குகைக்குப் போய்விடும் செய்த்தாவின் ரோஷத்தையும் அவர் கவனித்துக்கொண்டிருந்தார். படம் வந்த காலத்திலேயே ஒரு பேட்டியில், காலம் திரும்பினால் நாமெல்லாம் அந்த அத்தையைவிடக் கடுமையாக இந்தப் பையனைக் குற்றம் சொல்பவர்களாக மாறிவிடுவோமோ என்று பயமாக இருக்கிறது என்ற பொருளில் சொன்னார். இன்று படம் தொலைக்காட்சியில் வரும்போதெல்லாம், தப்பு செய்த்தாவுடையதுதான், அத்தை சொன்னதில் என்ன பிழை என்று ஜப்பானியர்கள் இணையத்தில் வாதாடுகிறார்கள்.

இந்தப் படமும் குறித்த நாளில் முடியவில்லை. செய்த்தா காய்கறி திருடிப் பிடிபடும் இடம் உட்பட இரண்டு பகுதிகள் வண்ணம் தீட்டப்படாமல், வெறும் கோடாகவே திரைக்குப் போயின. பிறகுதான் வண்ணம் பூசிச் சேர்த்தார்கள். பையனை அடித்து உதைக்கும் காட்சி வெள்ளைத்தாளில் கோடாக ஓடியபோது அரங்கில் இருந்தவர்கள் என்ன நினைத்தார்களோ.

மூன்று வருடம் கழித்து வந்த 'ஒன்லி எஸ்டர்டே'யில் அந்த வெள்ளைத்தாள் வேறு வேடத்தில் திரும்பி வருகிறது. 27 வயது தாயெக்கோ, விடுமுறைக்குக் குசும்பப்பூ பறிக்க யமகாத்தா கிராமத்துக்குப் போகிறாள். வழியெல்லாம் ஐந்தாம் வகுப்பு நினைவுகள் பின்தொடர்கின்றன. மூலமான காமிக்ஸில் இருப்பது சிறுமி மட்டும்தான். வளர்ந்த பெண்ணைச் சேர்த்தது தகாஹாத்தா. இப்போது நடப்பது விளிம்பு வரை அடர்த்தியாக வரையப்பட்டிருக்கிறது. சிரிக்கும்போது கன்னத்தில் விழும் கோடுகூட விடப்படவில்லை. (அந்தக் கோடு பாத்திரங்களுக்கு வயதை ஏற்றிக் காட்டுகிறது என்ற புகார் நியாயமானதே.) நினைவுகளிலோ ஓரங்கள் வெளிறி, தாளின் வெண்மையில் கரைந்துபோகின்றன. 1966இல் அந்த வீட்டுக்கு முதன்முதலாக முழு அன்னாசிப்பழம் வருகிறது. எப்படி வெட்டுவது என்று யாருக்கும் தெரியாமல் காத்திருந்து, கடைசியில் வெட்டிச் சாப்பிட்டால், இவ்வளவுதானா என்று எல்லார் முகமும் விழுகிறது. எத்தனை நிமிடத்துக்கு ஓர் அன்னாசிப்பழம்! ஆனால் அந்த வருட ஜப்பானியப் படங்களில் வசூலில் முதலிடம் இதற்குத்தான்.

1994இல் வந்த 'போம் போக்கோ', டோக்கியோவின் புறநகரான தாமாவில் மலையை வெட்டிக் குடியிருப்பு கட்டுவதை எதிர்த்துப் போராடும் தனுக்கிகளின் (நரி மாதிரியான ஜப்பானியக் காட்டு விலங்குகள்) கதை. அந்தப் பிராணிகள் மனிதர் பார்க்கும்போது ஒரு மாதிரியும், தங்களுக்குள் இருக்கும்போது வேறு மாதிரியும், குஷியாகிவிட்டால் இன்னொரு மாதிரியும் வரையப்பட்டிருக்கும். ரக்குகோ என்ற ஜப்பானியக் கதைசொல்லல் கலைஞர் ஒருவரைக் கொண்டு கதையைச் சொல்லவைத்திருந்தார். நீளம் அதிகம், எனக்குக் கொஞ்சம் அலுக்கும். ஆனால் தோற்றுப்போகும் ஒரு போராட்டத்தை இவ்வளவு சிரிக்கச் சிரிக்க எடுத்த இன்னொரு படம் தெரியாது.

1999இல் 'யமாதா'க்கள். நாளிதழ் நான்கு கட்டக் கார்ட்டூனிலிருந்து எடுத்த குடும்பக் கதை. ஜிப்ளியின் முதல் முழு டிஜிட்டல் படம். ஆனால் பார்த்தால் யாரோ அவசரமாகக் கிறுக்கி நீர்வண்ணம் தொட்டுவிட்டதுபோல் இருக்கும். பாதித் திரை வெறும் வெள்ளை. இந்த அவசரத்தை உண்டாக்க வழக்கமான படத்தைப்போல மூன்று மடங்கு படங்கள் வரைய வேண்டியிருந்தது. கோட்டுக்கு ஒரு தாள், நிறம் நிற்கும் எல்லைக்கு ஒரு தாள் என்று. எதிர்பார்த்த கூட்டம் வரவில்லை. அந்த வருடமே அவர் 12ஆம் நூற்றாண்டு ஓவியச் சுருள்களைப் பற்றி ஒரு புத்தகமும் எழுதினார். முழுதாக வரைந்துவிட்ட படம் கண்ணைத் தன்மேலேயே நிறுத்திக்கொள்கிறது, பாதியில் விட்ட கோடு பார்ப்பவரையே நிரப்பவைக்கிறது என்பதுதான் அவருடைய வாதத்தின் சாரம். 1968இல் காசில்லாமல் விட்டதை, 1988இல் நாளில்லாமல் விட்டதை, இப்போது காசும் நாளும் செலவழித்து விட்டார்.

அடுத்த படத்துக்குப் பதினான்கு வருடம். 'யமாதா'க்களைப் பார்த்துச் சொக்கிப்போன ஒரே பணக்காரர் நிப்பான் தொலைக்காட்சியின் தலைவர் செய்ச்சிரோ உஜியே. தகாஹாத்தாவின் படம் இன்னொன்று பார்க்க வேண்டும், பணம் என் பொறுப்பு என்றார். மூங்கிலுக்குள் கண்டெடுக்கப்பட்ட ககுயா இளவரசியின் பழங்கதை. தோயேயில் புதிதாகச் சேர்ந்த நாட்களிலேயே தகாஹாத்தா குறிப்பு எழுதிப் பார்த்த கதை. தயாரிப்பாளர் யொஷியாக்கி நிஷிமுராவின் வேலையில் பெரும்பகுதி இயக்குநரை மேசைக்கு வரவழைப்பதுதான். எட்டு வருடம் ஆயிற்று. சுமார் 500 கோடி யென். 2013 கோடையில் மியாசாகியின் படத்தோடு ஒரே நாளில் வெளியிடுவோம், 1988ஐப்போல, என்று அறிவித்தார்கள். வழக்கம்போல் இவருடையது முடியவில்லை; நவம்பருக்குத் தள்ளிப்போனது. உஜியே 2011இலேயே இறந்துவிட்டார். இளவரசியைக் கண்டெடுக்கும் கிழவருக்குக் குரல் கொடுத்த தகேவோ சீ 2012இல் இறந்தார். குரலை முதலில் பதிந்துவிடும் பழக்கத்தால்தான் அவர் படத்தில் பேசுகிறார்.

ஒசாமு தானாபேயின் கோடுகளும் கஸுவோ ஓகாவின் பின்னணியும் ஒரே கை வரைந்தவைபோலத் தாளோடு தாளாகக் கிடக்கின்றன. பெயர்சூட்டு விருந்தில், திரைக்குப் பின்னால் உட்காரவைக்கப்பட்ட இளவரசி, வெளியே குடிகாரர்கள் தன்னைப் பற்றிப் பேசுவதைக் கேட்டு எழுந்து ஓடுகிறாள். கதவுகள் தெறிக்கின்றன. அடுக்கடுக்கான பட்டாடைகள் ஒவ்வொன்றாகக் கழன்று விழுகின்றன. ஓட ஓட முகம் அழிந்து, கரிக்கோட்டுக் கிறுக்கலாகவே ஆகிவிடுகிறாள். வரைந்தவர் ஷின்ஜி ஹஷிமொத்தோ. ஹைடி கழற்றிப் போட்ட அதே உடுப்புகள்தான். அவளுக்கு மேலே மலை இருந்தது. இவள் போய்ச்சேரும் மலையில் பழைய வீட்டில் வேறு யாரோ குடியிருக்கிறார்கள்.

போட்ட பணத்தில் பாதியளவுதான் டிக்கெட்டில் வந்தது. ஆஸ்கர் பட்டியலில் இடம்பிடித்தது, பரிசு வேறு படத்துக்குப் போயிற்று. அவரோடு வேலை செய்தவர்கள் எப்படி நொறுங்கிப்போனார்கள் என்று சுசுகி பிற்பாடு ஒளிவுமறைவில்லாமல் பேசியிருக்கிறார். மேதை என்றால் இப்படித்தான் என்று ரசிகர்கள் தோளைக் குலுக்கிவிட்டுப் போவது எனக்குச் சம்மதமில்லை. அந்தக் கோட்டில் இருப்பது இரவெல்லாம் கண்விழித்த மற்றவர்களின் மணிக்கட்டு. அதே சமயம், அந்த ஓட்டத்தை மறுபடி பார்க்காமல் இருக்கவும் என்னால் முடிவதில்லை. இரண்டையும் ஒன்றாகத்தான் வைத்திருக்கிறேன்.

தகாஹாத்தா 2018 ஏப்ரல் 5ஆம் தேதி நுரையீரல் புற்றுநோயால் இறந்தார். வயது 82. அடுத்த மாதம் ஜிப்ளி அருங்காட்சியகத்தில் நடந்த அஞ்சலிக் கூட்டத்தில், இவர் 95 வரை இருப்பார் என்று நம்பிக்கொண்டிருந்தேன் என்றார் மியாசாகி.

எதிலிருந்து தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு: 'மின்மினி'யிலிருந்து வேண்டாம். அதைப் பார்த்தவர்கள் பயந்துபோய் மற்றப் படங்களின் பக்கம் வருவதேயில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் 'ஒன்லி எஸ்டர்டே' போடுங்கள். கடைசிப் பாட்டு ஓடும்போது எழுந்துவிடாதீர்கள்; பெயர்கள் வந்துகொண்டிருக்கும்போதுதான் படத்தின் முக்கியமான காட்சி நடக்கிறது. அதற்கடுத்து 'ஹைடி'யின் முதல் அத்தியாயம், கையோடு 'ககுயா'. 'ஹோருஸ்' எப்போது வேண்டுமானாலும் பார்க்கலாம், ஹில்டாவுக்காக.